பணிநீக்க வழக்கில் ஜெயித்தும் வேலை கிடைக்கவில்லையா? நீதிமன்ற அவமதிப்பு மனுவுக்கு முழுமையான வழிகாட்டி

பணிநீக்கம் செல்லாது என்று உத்தரவு வந்துவிட்டது. நிர்வாகத்துக்கு நகலும் போய்விட்டது. மாதங்கள் ஓடுகின்றன, கேட்டுக்குள் விடமாட்டேன் என்கிறார்கள். இந்தக் கட்டத்தில் எல்லோரும் சொல்வது, "கண்டெம்ப்ட் (அவமதிப்பு மனு) போட்டுவிடலாம்." சில வழக்குகளில் அதுதான் சரியான வழி. பல வழக்குகளில் அது ஒரு வருடத்தைத் தின்றுவிட்டு, "மனுதாரர் வேறு நிவாரணம் தேடிக்கொள்ளலாம்" என்ற ஒற்றை வரியோடு முடிந்துபோகிறது.

எது எப்படி முடியும் என்பதைத் தீர்மானிப்பது உங்களுக்கு நடந்த அநியாயத்தின் அளவு அல்ல, உத்தரவின் கடைசிப் பத்தி. அவமதிப்பு வழக்கைக் கேட்கும் நீதிபதி, உங்களை வேலையை விட்டு எடுத்தது சரியா தவறா என்று மறுபடி பார்க்கமாட்டார். உத்தரவில் என்ன செய்யச் சொல்லியிருக்கிறது, அது எதிர்த்தரப்புக்குத் தெரியுமா, தெரிந்தும் வேண்டுமென்றே செய்யாமல் இருந்தார்களா, இவ்வளவுதான் அங்கே கேள்வி. கீழே சொல்வதெல்லாம் இந்தியச் சட்டப்படி, குறிப்பாக சென்னை உயர் நீதிமன்றத்துக்கும் அதன் மதுரைக் கிளைக்கும் போகிறவர்களை மனதில் வைத்து எழுதியது.

சட்டம் என்ன சொல்கிறது

நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், 1971. அதன் பிரிவு 2(பி) உரிமையியல் அவமதிப்பு என்றால் என்ன என்று வரையறுக்கிறது: நீதிமன்றத்தின் தீர்ப்பு, ஆணை, உத்தரவு, ரிட் (உயர் நீதிமன்றமோ உச்ச நீதிமன்றமோ அரசு அமைப்புகளுக்கு இடும் கட்டளை) போன்றவற்றை வேண்டுமென்றே மீறுவது, அல்லது நீதிமன்றத்தில் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவது. பணிநீக்கத் தகராறுகளில் வருவது பெரும்பாலும் இதுதான். உயர் நீதிமன்றத்துக்கு இந்த அதிகாரம் அரசியலமைப்பின் 215ஆவது பிரிவிலிருந்தும், உச்ச நீதிமன்றத்துக்கு 129ஆவது பிரிவிலிருந்தும் வருகிறது.

தண்டனை, பிரிவு 12இன்படி, அதிகபட்சம் 6 மாத வெறுங்காவல் (கடின உழைப்பு இல்லாத சிறை) அல்லது 2,000 ரூபாய் அபராதம் அல்லது இரண்டும். உரிமையியல் அவமதிப்பில் அபராதமே போதும் என்றால் சிறை கூடாது என்றும் அதே பிரிவு சொல்கிறது. அந்த 2,000 ரூபாயும் உங்கள் கைக்கு வராது. அவமதிப்பு மனு இழப்பீடு வாங்கித்தரும் வழி இல்லை. அதிகாரியை நேரில் நிற்க வைக்கும் என்ற பயம்தான் அதன் பலம். பெரும்பாலான மனுக்கள் தண்டனையில் முடிவதில்லை. "உத்தரவை நிறைவேற்றிவிட்டோம்" என்று எதிர்த்தரப்பு சொல்ல, வழக்கை முடித்துவைப்பதில்தான் முடிகின்றன. உங்களுக்கு வேண்டியதும் அதுதானே?

படி 1: உத்தரவு யாருடையது என்று பாருங்கள்

தொழிலாளர் நீதிமன்றம் கொடுத்த அவார்டு (அதன் தீர்ப்பு) ஒன்று, உயர் நீதிமன்றம் ரிட் மனுவில் கொடுத்த உத்தரவு இன்னொன்று. இரண்டையும் ஒன்றாக நினைப்பதுதான் அதிகம் நடக்கும் குழப்பம்.

கையில் இருப்பது அவார்டு மட்டும் என்றால், அதை மீறியதற்காக நேராக உயர் நீதிமன்றத்தில் அவமதிப்பு மனு போடுவது பெரும்பாலும் வீண். அவார்டை நிறைவேற்றச் சட்டமே தனி வழிகளை வைத்திருக்கிறது, அங்கே போ என்றுதான் பதில் வரும். 1947ஆம் ஆண்டு தொழிற்தகராறுகள் சட்டத்தில் அந்த வழிகள் இவை. வரவேண்டிய தொகை தெளிவாக இருந்தால் பிரிவு 33சி(1)இன் கீழ் அரசுக்கு மனு கொடுத்து, ஆட்சியர் மூலம் நிலவரி பாக்கி போல வசூலிக்கலாம். இதற்குக் கெடு ஒரு வருடம், நியாயமான காரணம் இருந்தால் பிறகும் ஏற்பார்கள். தொகையைக் கணக்கிட வேண்டியிருந்தால் 33சி(2)இல் தொழிலாளர் நீதிமன்றத்துக்கே போகலாம். 2010இல் சேர்த்த பிரிவு 11(9), 11(10) ஆகியவற்றின்படி, அவார்டை சிவில் கோர்ட் தீர்ப்பாணை போல நிறைவேற்றக் கேட்கலாம். அவார்டை மீறிய நிர்வாகத்தின் மேல் பிரிவு 29இல் குற்ற வழக்கும் தொடரலாம். ஆனால் பிரிவு 34இன்படி அந்தப் புகார் அரசின் அதிகாரத்தோடு வரவேண்டும், அந்த அனுமதிக்காகத் தொழிலாளர் துறையில் நடையாய் நடக்க வேண்டியிருக்கும்.

2025 நவம்பர் 21 முதல் தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பு, 2020 நடைமுறைக்கு வந்து, 1947ஆம் ஆண்டுச் சட்டத்தின் இடத்தைப் பிடித்துவிட்டது. பழைய சட்டத்தில் தொடங்கிய வழக்குகளின் காகிதங்களில் பழைய எண்களே இருக்கும் என்பதால் இங்கே அவற்றையே சொல்கிறேன். புதிதாக வழக்குப் போடுகிறவர்கள் எண்களைத் தொகுப்போடு ஒப்பிட்டுச் சரிபார்க்கவும். ஒரு மாற்றம் முக்கியம்: பணிநீக்கத்தை எதிர்த்துத் தொழிலாளி நேரடியாக வழக்குப் போட முன்பு 3 வருடம் இருந்தது, தொகுப்பில் அது 2 வருடம்.

இப்போது சிக்கலான இடத்துக்கு வருவோம். அவார்டை எதிர்த்து நிர்வாகம் உயர் நீதிமன்றம் போகிறது, அங்கே அவர்கள் ரிட் மனு தள்ளுபடி ஆகிறது. "உயர் நீதிமன்றமே சொல்லிவிட்டது, இனி கண்டெம்ப்ட்தான்" என்று தொழிலாளி நினைக்கிறார். ஆனால் அந்த உத்தரவைப் பிரித்துப் பார்த்தால், கடைசி வரி "ரிட் மனு தள்ளுபடி செய்யப்படுகிறது" என்று மட்டும் இருக்கும். நிர்வாகத்துக்கு எந்தக் கட்டளையும் அதில் இல்லை. இல்லாத கட்டளையை மீற முடியாது. அதனால், தள்ளுபடி உத்தரவு வாசிக்கப்படும் அன்றே உங்கள் வக்கீல் எழுந்து, "இத்தனை வாரத்துக்குள் அவார்டை நிறைவேற்ற வேண்டும் என்று ஒரு வரி சேர்க்கவேண்டும்" என்று கேட்பது பொன்னான வேலை. அது விட்டுப்போய், நிர்வாகம் அரசு நிறுவனமாகவோ கழகமாகவோ இருந்தால், அவார்டை நிறைவேற்றச் சொல்லித் தனியாக ஒரு ரிட் மனு போட்டுக் கட்டளை வாங்கலாம். அந்தக் கட்டளையை மீறினால் அவமதிப்பு.

மத்திய அரசு ஊழியர்களுக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். அதற்கு 1985ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டத்தின் பிரிவு 17இல் உயர் நீதிமன்றத்துக்கு இணையான அவமதிப்பு அதிகாரம் உண்டு, மனு அங்கேயே போகும். சிவில் கோர்ட் கொடுத்த இடைக்காலத் தடையை மீறினால் சிவில் நடைமுறைச் சட்டம் ஆணை 39 விதி 2ஏ இருக்கிறது: சொத்தை ஜப்தி செய்யலாம், 3 மாதம் வரை சிவில் சிறையிலும் வைக்கலாம்.

தனியார் நிறுவனத்தில் மேலாளர் பதவியில் இருந்தவர்களுக்கு ஒரு வார்த்தை. தனிப்பட்ட பணி ஒப்பந்தத்தை நீதிமன்றம் கட்டாயப்படுத்தி நிறைவேற்றாது என்பது பொதுவிதி. அரசு ஊழியர், தொழிற்தகராறு சட்டத்துக்குள் வரும் தொழிலாளி, சட்டத்தால் உருவான அமைப்பின் ஊழியர் ஆகியோர்தான் விதிவிலக்கு. ஆக, மேலாளருக்குப் பொதுவாகக் கிடைப்பது நஷ்டஈட்டுத் தீர்ப்பு. பணத் தீர்ப்புக்கு நிறைவேற்று மனுதான் வழி, அவமதிப்பு அல்ல.

படி 2: கடைசிப் பத்தியை வரி வரியாகப் படியுங்கள்

உத்தரவின் முன்பக்கங்களில் நீதிபதி நிர்வாகத்தை எவ்வளவு கடுமையாகத் திட்டியிருந்தாலும் அது கணக்கில் வராது. கட்டளைப் பகுதியில் நான்கு விஷயங்களைத் தேடுங்கள்: என்ன செய்ய வேண்டும், யார் செய்ய வேண்டும், எப்போதுக்குள், எந்த நாளிலிருந்து.

"மனுதாரரின் கோரிக்கையை 8 வாரத்துக்குள் பரிசீலித்து உத்தரவு பிறப்பிக்க வேண்டும்" என்று இருந்தால் அது வேலை கொடுக்கும் உத்தரவே இல்லை. நிர்வாகம் பரிசீலித்து, "முடியாது" என்று எழுதிக் கொடுத்துவிட்டால் கட்டளை நிறைவேறிவிட்டது. இப்படிப்பட்ட 'பரிசீலிக்க' உத்தரவுகள் உண்டாக்கும் குழப்பத்தைப் பற்றி உச்ச நீதிமன்றமே 2006இல் ஆந்திரப் போக்குவரத்துக் கழக வழக்கில் விரிவாகப் பேசியிருக்கிறது. நிராகரிப்பு மோசமாக இருந்தால் அதை எதிர்த்துப் புது ரிட் போடலாம். எட்டு வாரத்தில் எந்த உத்தரவுமே போடாவிட்டால்தான் அவமதிப்பு.

"பணிநீக்க உத்தரவு ரத்து செய்யப்படுகிறது, விதிப்படி புதிதாக விசாரணை நடத்த நிர்வாகத்துக்கு உரிமை உண்டு" என்று இருந்தால் இன்னும் கவனம் வேண்டும். விசாரணை அறிக்கையின் நகலைக் கொடுக்காதது போன்ற நடைமுறைக் குறைக்காக ரத்தான வழக்குகளில், ஊழியரைத் திரும்ப எடுத்து உடனே சஸ்பெண்ட் செய்துவிட்டு விசாரணையைத் தொடர நிர்வாகத்துக்கு வழி இருக்கிறது. 1993இல் இசிஐஎல் (எலக்ட்ரானிக்ஸ் கார்ப்பரேஷன் ஆஃப் இந்தியா) வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு இதை ஏற்றது. காலையில் சேர்த்துக்கொண்டு மாலையில் சஸ்பெண்ட் செய்தால் கோபம் வருவது நியாயம்தான். ஆனால் அது அவமதிப்பு ஆகாது, சஸ்பெண்ட் காலத்தில் தரவேண்டிய பிழைப்பூதியத்தைக் கேட்கும் உரிமையை மட்டும் விடாதீர்கள்.

"மீண்டும் பணியில் அமர்த்த வேண்டும், பணித் தொடர்ச்சி உண்டு, பின்சம்பளம் முழுவதும் உண்டு" என்று இருந்தால் அது கெட்டியான உத்தரவு. (பின்சம்பளம் என்றால் வேலையில் இல்லாமல் இருந்த காலத்துக்கான சம்பளம்.) இங்கேயும் சில ஓட்டைகள் இருக்கும். எந்த ஊரில் என்று சொல்லவில்லை என்றால் வேறு கிளையில் அமர்த்துவது பொதுவாக அவமதிப்பு ஆகாது. அதே பதவியில் என்று சொல்லியிருந்து, கீழ்ப் பதவியில் வைத்தால் அது மீறல். பின்சம்பளத்தில் வருமான வரி, வருங்கால வைப்பு நிதிப் பங்கு பிடித்தால் அது மீறல் அல்ல. ஊதிய உயர்வுகளைச் சேர்க்காமல் பழைய சம்பளத்திலேயே கணக்குப் போட்டால்? "அனைத்துப் பணப்பலன்களுடன்" என்று உத்தரவு சொன்னால் வாதாட இடம் உண்டு. சொல்லவில்லை என்றால் 33சி(2)க்குப் போய்க் கணக்கைத் தீர்ப்பதுதான் புத்திசாலித்தனம்.

2013இல் தீபாலி குண்டு சுர்வசே வழக்கில், தவறான பணிநீக்கத்துக்குப் பின் மறுபணியோடு பின்சம்பளம் தருவதே சாதாரண விதி என்று உச்ச நீதிமன்றம் சொன்னது உண்மை. ஆனால் உங்கள் உத்தரவில் பின்சம்பளம் இல்லை என்றால், அந்தத் தீர்ப்பைக் காட்டி அவமதிப்பு மனுவில் அதைக் கேட்க முடியாது. அதற்கு மேல்முறையீடு செய்திருக்க வேண்டும். அவமதிப்பு நீதிமன்றம் மூல உத்தரவின் நான்கு மூலைகளைத் தாண்டக் கூடாது என்று 2014இல் ஓஎன்ஜிசி தொடர்பான சுதிர் வாசுதேவா வழக்கில் உச்ச நீதிமன்றம் அழுத்திச் சொன்னது. அது சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்தே போன வழக்கு. மூல உத்தரவில் இல்லாத கூடுதல் பணியிடங்களை உருவாக்கச் சொன்ன அவமதிப்பு உத்தரவு அதில் நிற்கவில்லை.

படி 3: நகலைக் கொடுங்கள், ஆதாரத்தை வையுங்கள்

"இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து 8 வாரத்துக்குள்" என்பது வழக்கமான வாசகம். நகலே கொடுக்கவில்லை என்றால் கெடு ஓடவே ஆரம்பிக்காது. ஜெயித்த சந்தோஷத்தில் இதை மறந்து, ஆறு மாதம் கழித்து ஓடி வருகிறவர்கள் இருக்கிறார்கள்.

சான்றிட்ட நகல் கையில் வந்த அன்றே ஒரு முகப்புக் கடிதத்தோடு அனுப்புங்கள். ஒப்புகை வரும் ஸ்பீடு போஸ்ட்டில் ஒன்று, நேரில் கொடுத்து முத்திரையும் தேதியும் வாங்கியது ஒன்று, அலுவலக மின்னஞ்சலுக்கு ஒன்று. உத்தரவை நிறைவேற்ற வேண்டிய அதிகாரிக்கே போக வேண்டும். சட்டப் பிரிவுக்கு மட்டும் அனுப்பிவிட்டு நிற்காதீர்கள்.

இடைக்கால உத்தரவுகளில் விஷயம் வேறு. பணிநீக்கத்துக்குத் தடை விதித்த உத்தரவு எதிர்த்தரப்புக்கு எந்த வழியில் தெரிந்திருந்தாலும் அது அவர்களைக் கட்டுப்படுத்தும், சான்றிட்ட நகல் வரவில்லை என்று சாக்குச் சொல்ல முடியாது. ஆனால் தெரியும் என்பதை நீங்கள்தான் நிரூபிக்க வேண்டும். வக்கீலின் கடிதம், மின்னஞ்சல், நீதிமன்ற இணையதளத்தில் ஏறிய உத்தரவை இணைத்து அனுப்பிய செய்தி என எல்லாவற்றையும் சேமியுங்கள். இன்னொன்று: தற்போதைய நிலை தொடரட்டும் என்ற உத்தரவு, உங்களை ஏற்கெனவே விடுவித்த பிறகு வந்திருந்தால் உங்களுக்கு அதில் பலன் ஏதுமில்லை. அப்போதே திருத்தம் கேளுங்கள்.

படி 4: வேலைக்குப் போய் நில்லுங்கள்

நிர்வாகம் சொல்லும் முதல் பதில் எதுவென்று இப்போதே சொல்லிவிடலாம்: "நாங்கள் தயாராகத்தான் இருந்தோம், அவர்தான் வரவில்லை."

இதை உடைக்க ஒரே வழி, பணியில் சேர வந்ததற்கான காகிதம். பணியேற்புக் கடிதத்தை இரண்டு பிரதி எழுதிக்கொண்டு வேலை நேரம் தொடங்கும்போது போங்கள். முடிந்தால் சங்கத்திலிருந்து ஒருவரைக் கூட்டிப் போங்கள். உள்ளே விடவில்லை என்றால் வாக்குவாதம் வேண்டாம், தள்ளுமுள்ளு நிச்சயம் வேண்டாம். அதுவே புதுக் குற்றச்சாட்டுக் குறிப்பாணை ஆகிவிடும். யார் தடுத்தார், என்ன நேரம், என்ன சொன்னார் என்பதை அன்றே எழுதி மின்னஞ்சலிலும் தபாலிலும் அனுப்புங்கள். ஒரு வாரம் கழித்து மறுபடி போய் இன்னொரு கடிதம். இரண்டு போதும், தினமும் போக வேண்டியதில்லை.

படி 5: மேல்முறையீட்டைக் கண்காணியுங்கள்

தோற்ற நிர்வாகம் சும்மா இருக்காது. தனி நீதிபதியின் ரிட் உத்தரவை எதிர்த்து இரு நீதிபதி அமர்வில் ரிட் மேல்முறையீடு செய்ய 30 நாள், உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனுவுக்கு 90 நாள். தாமதத்தை மன்னிக்கக் கேட்டு அதன் பிறகும் வருவார்கள். ஜெயித்த உடனே கேவியட் (என்னைக் கேட்காமல் உத்தரவு போடக்கூடாது என்ற முன்னெச்சரிக்கை மனு) போட்டு வைத்தால், உங்களுக்குத் தெரியாமல் தடையாணை வாங்குவது கடினம். கேவியட்டுக்கு ஆயுள் 90 நாள், முடிந்தால் மறுபடி போட வேண்டும்.

மேல்முறையீடு செய்திருக்கிறோம் என்பது மட்டுமே உத்தரவை நிறுத்தி வைக்காது. தடையாணை இருந்தால்தான் நிற்கும். ஆனால் நடைமுறையில், தடை கேட்ட மனு நிலுவையில் இருந்தால் முதலில் அதைக் கேட்டு முடிப்பதே நல்லது என்று 1995இல் மாடர்ன் ஃபுட் இண்டஸ்ட்ரீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதனால் அவமதிப்பு மனுவைப் போடுங்கள், கூடவே தடை மனுவை சீக்கிரம் பட்டியலில் கொண்டுவரவும் வேலை பாருங்கள். கோப்பில் தூங்கும் மேல்முறையீடு நிர்வாகத்துக்குத்தான் லாபம்.

இங்கே தொழிலாளிக்கு ஒரு நல்ல ஆயுதம் உண்டு, தொழிற்தகராறுகள் சட்டத்தின் பிரிவு 17பி. மறுபணி தரச்சொன்ன அவார்டை எதிர்த்து நிர்வாகம் மேல் நீதிமன்றம் போனால், வழக்கு முடியும் வரை கடைசியாக வாங்கிய முழுச் சம்பளத்தைத் தரவேண்டும். வேறு எங்கும் வேலை பார்க்கவில்லை என்று நீங்கள் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்ய வேண்டும். புதிய தொகுப்பிலும் இந்தப் பாதுகாப்பு தொடர்கிறது. இந்தச் சம்பளத்தைக் கொடுக்கச் சொல்லி உயர் நீதிமன்றம் போடும் உத்தரவு அதன் சொந்த உத்தரவு. தொகையும் தேதியும் தெளிவாக இருக்கும், விளக்கம் சொல்லித் தப்ப முடியாது. எனக்குத் தெரிந்து அவமதிப்பு மனு சுத்தமாக வேலை செய்யும் இடங்களில் இது முதலாவது. பிரமாணப் பத்திரத்தில் மட்டும் பொய் கூடாது. வருங்கால வைப்பு நிதிக் கணக்கில் வேறு நிறுவனத்தின் பங்களிப்பு தெரிந்தால் கதை முடிந்தது.

படி 6: ஒரு வருடக் கெடுவைக் குறித்துக்கொள்ளுங்கள்

அவமதிப்புச் சட்டத்தின் பிரிவு 20. அவமதிப்பு நடந்ததாகச் சொல்லும் நாளிலிருந்து ஒரு வருடம் கடந்தால் நடவடிக்கை எடுக்க முடியாது. 2001இல் பல்லவ் சேத் வழக்கில் உச்ச நீதிமன்றம், அந்த ஒரு வருடத்துக்குள் மனு தாக்கல் செய்திருந்தால் போதும் என்று தெளிவாக்கியது.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். 2025 ஜனவரி 6இல் உத்தரவு, நகல் கிடைத்து 8 வாரத்துக்குள் மறுபணி. நிர்வாகத்துக்கு நகல் போய்ச் சேர்ந்தது பிப்ரவரி 3. எட்டு வாரம் மார்ச் 31இல் முடிகிறது. ஏப்ரல் 1 முதல் மீறல். ஆக 2026 மார்ச் மாத முடிவுக்குள் மனு பதிவாகியிருக்க வேண்டும். நான் சொல்வேன், ஜூன் அல்லது ஜூலை 2025க்குள்ளேயே போட்டுவிடுங்கள். மனுவில் குறை இருக்கிறது என்று பதிவாளர் அலுவலகம் திருப்பித் தரும், அதைச் சரிசெய்து மறுபடி கொடுக்க நாள் ஆகும்.

"தினமும் உள்ளே விடவில்லை, அதனால் இது தொடர்ந்து நடக்கும் மீறல், கெடு கிடையாது" என்று சிலர் தைரியம் சொல்வார்கள். அந்த வாதத்தை நம்பி உட்கார வேண்டாம். பேச்சுவார்த்தை நடக்கிறது, அடுத்த மாதம் எடுத்துக்கொள்கிறோம் என்கிறார்கள் என்ற காரணமும் கெடுவை நீட்டிக்காது. நிர்வாகங்களுக்கு இது நன்றாகவே தெரியும்.

படி 7: வக்கீல் நோட்டீஸ்

சட்டப்படி கட்டாயம் என்பதற்காக அல்ல, பலன் தருவதற்காக அனுப்புங்கள். உத்தரவின் தேதி, வழக்கு எண், கட்டளை வாசகம், நகல் கொடுத்த தேதி, கெடு முடிந்த தேதி, பணியில் சேர வந்த தேதிகள், இன்னும் 15 நாள் அவகாசம். இவ்வளவும் ஒரு பக்கத்தில் அடங்கட்டும். திட்ட வேண்டாம். உத்தரவை நிறைவேற்ற வேண்டிய அதிகாரியின் பெயருக்கே போகட்டும். பல வழக்குகள் இங்கேயே தீர்வதற்குக் காரணம், சட்டப் பிரிவின் கோப்பில் கிடந்த விஷயம் தன் தலைக்கு வருகிறது என்று அந்த அதிகாரிக்கு உறைப்பதுதான்.

"தெரியாது" என்ற பதிலையும் இந்த நோட்டீஸ் அடைத்துவிடுகிறது. வேண்டுமென்றே செய்தார் என்பதை நிரூபிக்கும் பாரம் உங்களுடையது. 2014இல் ராம் கிஷன் வழக்கில் உச்ச நீதிமன்றம், அவமதிப்பு வழக்கு பாதி குற்றவியல் தன்மை கொண்டது, அதனால் ஐயத்துக்கு இடமில்லாத நிரூபணம் வேண்டும் என்றது. உத்தரவுக்கு நியாயமான இரண்டு பொருள் இருந்தால் சந்தேகத்தின் பலன் எதிர்த்தரப்புக்குப் போகும்.

படி 8: மனுவைத் தயாரித்தல்

யாரை எதிர்மனுதாரர் ஆக்குவது? பெயரோடும் பதவியோடும் மனிதரைச் சேர்க்க வேண்டும், வெறும் "நிர்வாக இயக்குநர்" என்று போட்டால் போதாது. மூல உத்தரவு யாருக்குக் கட்டளையிட்டதோ அவர்தான் முதலில். சம்பந்தமே இல்லாத துறைச் செயலாளர், தலைமைச் செயலாளர் என்று பெரிய பெயர்களை அடுக்கினால் வழக்கு வலுப்படாது, நீதிபதிக்கு எரிச்சல்தான் வரும். அதிகாரி மாறிவிட்டால் புதிதாக வந்தவருக்கும் நகலும் நோட்டீஸும் கொடுத்த பிறகு அவரைச் சேருங்கள். நீதிமன்றத்தில் கொடுத்த உறுதிமொழியை மீறியது நிறுவனம் என்றால், பிரிவு 12(4)இன்படி அந்த நேரத்தில் பொறுப்பில் இருந்தவர்கள் பொறுப்பாவார்கள்.

எந்த நீதிபதி முன்? பொதுவாக உத்தரவு போட்ட அமர்வுக்கே போகும். மேல்முறையீடு விசாரிக்கப்பட்டுத் தீர்ப்பானால், தனி நீதிபதியின் உத்தரவு மேல்முறையீட்டுத் தீர்ப்போடு இணைந்துவிடும், அப்போது இரு நீதிபதி அமர்வு முன்தான் மனு. உச்ச நீதிமன்றம் சிறப்பு அனுமதி மனுவை ஆரம்பத்திலேயே தள்ளியிருந்தால் அப்படி இணைவது இல்லை. உயர் நீதிமன்றத்திலேயே அவமதிப்பு மனு போடலாம்.

பிரமாணப் பத்திரம் சுருக்கமாக, தேதிவாரியாக இருக்கட்டும். உங்களை ஏன் வேலையை விட்டு எடுத்தார்கள் என்ற கதைக்கு ஒரு பத்தி போதும். கட்டளை வாசகத்தை அப்படியே எடுத்துப் போடுங்கள், உங்கள் சொற்களில் மாற்றி எழுத வேண்டாம். அதற்குக் கீழே எது நிறைவேறவில்லை என்று வரிக்கு வரி சொல்லுங்கள். இணைப்புகள்: சான்றிட்ட நகல், ஒப்புகைகள், பணியேற்புக் கடிதங்கள், நோட்டீஸ், வந்த பதில் ஏதாவது இருந்தால் அதுவும். பாதகமான பதில் என்று மறைக்காதீர்கள், எதிர்த்தரப்பு எப்படியும் காட்டத்தான் போகிறது.

படி 9: விசாரணை நாட்கள்

முதல் நாளிலேயே அதிகாரியைக் கூண்டில் ஏற்றுவார்கள் என்று எதிர்பார்க்க வேண்டாம். முதலில் எதிர்த்தரப்பு வக்கீலிடம், "என்ன நிலை?" என்று கேட்டு இரண்டு வாரமோ நான்கு வாரமோ கொடுப்பார்கள். அதற்குள் நிறைவேற்றினால் அத்தோடு சரி. இல்லையென்றால் முறையான நோட்டீஸ், தேவைப்பட்டால் நேரில் வரும் உத்தரவு. அரசு அதிகாரிகளை எடுத்ததற்கெல்லாம் நேரில் அழைக்கக் கூடாது, அழைத்தாலும் முதலில் காணொலி வழியே என்று 2024 ஜனவரி 3இல் உச்ச நீதிமன்றம் வழிகாட்டு நெறிமுறை வகுத்திருக்கிறது. அதனால் நேரில் வரவழைக்கும் கோரிக்கையை நிர்வாகம் இரண்டு மூன்று முறை வாய்தா வாங்கிய பிறகு வையுங்கள்.

வழக்கு திரும்பும் இடம், எதிர்த்தரப்பு ஒரு நிறைவேற்ற அறிக்கையை நீட்டும் நாள்தான். அதை அன்றே ஒப்புக்கொள்ளவும் வேண்டாம், எதிர்க்கவும் வேண்டாம். ஒரு வாரம் கேளுங்கள். அறிக்கையைக் கட்டளை வாசகத்தோடு ஒப்பிட்டுப் பாருங்கள். மறுபணி ஆணை இருக்கிறது, பணித் தொடர்ச்சி எங்கே? தொகை இருக்கிறது, எந்த மாதம் வரை? உத்தரவிலேயே வெளிப்படையாக இருந்தது விடுபட்டிருந்தால் பதில் மனு போட்டுச் சண்டை போடலாம். ஆனால் அவர்கள் போட்ட ஆணை தவறான முடிவு என்பதுதான் உங்கள் குறை என்றால், 1996ஆம் ஆண்டு ஜே.எஸ். பரிஹார் தீர்ப்பு உங்களுக்கு எதிராக வரும்: உத்தரவுக்கு இணங்க ஒரு முடிவு எடுத்துவிட்டால், அது தவறாகவே இருந்தாலும் புது வழக்குக்கான காரணமே தவிர அவமதிப்பு அல்ல.

"பாக்கித் தொகையை இந்தத் தேதிக்குள் தருகிறோம்" என்று எதிர்த்தரப்பு சொன்னால், அதை வக்கீல்களுக்குள் பேசி விடாதீர்கள். உத்தரவில் பதிவாகட்டும். பதிவான உறுதிமொழியை மீறுவது தனியாக ஒரு அவமதிப்பு, அதற்கு அந்த நாளிலிருந்து புதிதாக ஒரு வருடம் கிடைக்கிறது.

மன்னிப்புக் கேட்டால்? நீதிமன்றத்துக்கு ஏற்புடையதாக இருந்தால் பிரிவு 12 விடுவிக்கச் சொல்கிறது. பொதுவாக நிறைவேற்றிவிட்டுக் கேட்கும் மன்னிப்பைத்தான் ஏற்பார்கள். அவமதிப்பு நோட்டீஸ் வாங்கிய நிர்வாகத்தினர் இதைப் படித்தால் அவர்களுக்கும் இதே யோசனைதான்: கெடு முடிவதற்குள் நீட்டிப்புக் கேட்டு மனு போடுங்கள். ஆலை மூடிவிட்டது, பணியிடமே இல்லை என்பது போன்ற உண்மையான தடை இருந்தால் அதை அப்போதே நீதிமன்றத்தில் சொல்லுங்கள். நோட்டீஸ் வந்த பிறகு சொன்னால் சாக்காகத்தான் தெரியும்.

வழக்கு நடக்கும்போது சமூக ஊடகத்தில் எழுதுவது பற்றியும் சொல்லவேண்டும். நிர்வாகத்தை விமர்சிப்பது அவமதிப்பு இல்லை. தீர்ப்பை நியாயமாக விமர்சிப்பதும் பிரிவு 5இன்படி இல்லை. நீதிபதி விலைபோய்விட்டார் என்று எழுதினால் அது குற்றவியல் அவமதிப்பின் பக்கம் போய்விடும். வேலைக்காகப் போராடுகிறவருக்கு இன்னொரு வழக்கு எதற்கு?

படி 10: மனு தள்ளுபடி ஆனால்

பிரிவு 19இன் மேல்முறையீடு தண்டிக்கப்பட்டவருக்குத்தான். தண்டிக்க மறுத்த உத்தரவை எதிர்த்து நீங்கள் அந்தப் பிரிவில் போக முடியாது. 2006இல் மிட்னாப்பூர் கூட்டுறவு வங்கி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. அதுவும் சஸ்பெண்டில் இருந்த ஓர் ஊழியரின் தகராறுதான். அவமதிப்பு நீதிபதி தன் எல்லையைத் தாண்டி மறுபணி, சம்பளம் என்று மூல வழக்கின் விஷயங்களைத் தீர்மானித்தால், அதை எதிர்த்து உள் மேல்முறையீடு (அதே உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதி அமர்வில்) செய்யலாம் என்றும் அந்தத் தீர்ப்பு சொல்கிறது. ஆக, உற்சாகத்தில் அவமதிப்பு மனுவில் கூடுதலாக வாங்கிய உத்தரவும் மேலே போய் நிற்காமல் போகலாம்.

உங்கள் முன் இருப்பது மூன்று வழிகள். அரசியலமைப்பின் 136ஆவது பிரிவில் உச்ச நீதிமன்றம், இது செலவும் அதிகம் வாய்ப்பும் குறைவு. நிர்வாகம் போட்ட புதிய ஆணையை எதிர்த்து ரிட். அவார்டு இருந்தால் 33சி(2). பெரும்பாலானவர்களுக்கு மூன்றாவதும் இரண்டாவதும்தான் உதவும். அதற்காகவே, அவமதிப்பு மனுவை முடித்துவைக்கும் நாளில், "மனுதாரர் சட்டப்படி வேறு நிவாரணம் தேட உரிமை உண்டு" என்ற வரியைக் கேட்டு வாங்குங்கள். நிர்வாகம் தாக்கல் செய்த நிறைவேற்ற அறிக்கையின் நகலையும் அன்றே எடுத்துவிடுங்கள். அடுத்த வழக்கில் முதல் இணைப்பு அதுதான். எவ்வளவு கொடுத்தார்கள், எந்தக் காலத்துக்கு, எதை விட்டார்கள் என்று அவர்களே கையெழுத்திட்டு ஒப்புக்கொண்ட காகிதம் அது.